பெரிய ஸ்டூடியோக்கள் ஏன் ஆளுக்கொரு வழியில் படம் எடுக்கின்றன?

எல்லா ஸ்டூடியோவும் ஒரே சந்தையில்தானே நிற்கின்றன, பிறகேன் ஆளுக்கொரு விதமாகப் படம் எடுக்கின்றன, எது சரியான வழி என்று கேட்டிருக்கிறீர்கள். போட்ட காசு எந்த வாசலால் திரும்பி வரும் என்று பார்த்தால் பாதிக் குழப்பம் தீர்ந்துவிடும். கிளிநொச்சியில் இரணைமடுக் குளத்துத் தண்ணீர் பாயும் வயல்காரர் கோடையில் சிறுபோகமும் செய்வார். மானாவாரிக்காரர் மாரி மழையை நம்பிக் காலபோகத்தோடு நிறுத்திக்கொள்வார். விதைப்பது இரண்டு பேரும் நெல்தான், கணக்கு வேறு.

டிஸ்னிக்குத் தியேட்டர் முதல் வாசல் மட்டுமே. அதற்குப் பின்னால் பொம்மை, உடுப்பு, தீம் பார்க், உல்லாசக் கப்பல் என்று ஒரே பாத்திரம் பல வருடம் உழைத்துக் கொடுக்கும். அதனால் சனத்துக்குத் தெரிந்த பாத்திரங்களை மொத்தமாக விலைக்கு வாங்கியது: 2006இல் பிக்ஸார், 2009இல் மார்வெல், 2012இல் லூகாஸ்பிலிம், 2019இல் ஃபொக்ஸ். அந்த 2019இல் மட்டும் வந்த அதன் படங்களில் ஏழு தலைக்கு 100 கோடி டொலரைத் தாண்டின. ஆனால் ஒரே சாமானைத் திரும்பத் திரும்பப் பரிமாறினால் யாருக்கும் தெவிட்டும். 2023இல் வந்த 'தி மார்வெல்ஸ்' உலகம் முழுக்க ஏறத்தாழ 20 கோடி டொலரோடு நின்றது. எடுத்த செலவே அதற்கு மேல்.

நெட்பிளிக்ஸுக்கு முக்கிய வாசல் மாதச் சந்தா. ஒரு படம் தனியாக எவ்வளவு உழைத்தது என்பதைவிட, ஆள் அடுத்த மாதமும் காசு கட்டுகிறாரா என்பதுதான் அங்கே கணக்கு. 2013இல் வந்த 'ஹவுஸ் ஒஃப் கார்ட்ஸ்' தொடருக்கு, மாதிரிக்கு ஒரு பகுதி எடுத்துப் பார்க்காமலே இரண்டு சீசனுக்கும் சேர்த்து ஓடர் கொடுத்தது. செலவையும் அதற்கு மேல் ஒரு தொகையையும் கொடுத்து உரிமையைத் தானே வைத்துக்கொள்வது அதன் வழக்கம். எடுத்தவருக்கு நட்டப் பயம் இல்லை, ஆனால் படம் உலகத்தையே கலக்கினாலும் பெரிய பங்கு வராது.

எனக்குப் பிடித்தது அமெரிக்காவின் புளும்ஹவுஸ் கொம்பனி வழி. கிளிநொச்சியில் கல்யாணமும் சாமத்தியவீடும் வீடியோ எடுத்துப் பிழைக்கிறவனுக்கு வேறு எது பிடிக்கும்? பேய்ப் படம், நாலைந்து நடிகர்கள், பெரும்பாலும் ஒரு வீடு. 'பரநோர்மல் அக்டிவிட்டி' முதலில் எடுத்து முடிக்கப்பட்டது சுமார் 15,000 டொலருக்கு, வசூல் 19 கோடி டொலருக்கு மேல். 2017இல் 'கெட் அவுட்' 45 இலட்சம் டொலரில் எடுத்து 25 கோடியைத் தாண்டியது. இயக்குநருக்கும் நடிகருக்கும் முதலில் கொடுப்பது கொஞ்சம், படம் ஓடினால் பங்கு. பத்தில் சில விழுந்தாலும் கொம்பனி சாகாது. இங்கே குறும்படம் எடுக்கும் பெடியளும் ஏறத்தாழ இதையேதான் செய்கிறார்கள்: ஒரு வீடு, ஓர் இரவு, நாலு நண்பர்கள், சம்பளம் "பிறகு பார்ப்போம்". அங்கே அந்தப் 'பிறகு' ஒப்பந்தத்தில் எழுதியிருக்கும், அவ்வளவுதான் வித்தியாசம்.

இப்படிப் படங்களைத் தியேட்டருக்குக் கொண்டுபோகும் யூனிவர்சலும் கெட்டிக்காரக் கொம்பனிதான். யூனிவர்சலுக்காக இலுமினேஷன் கொம்பனி எடுத்த கார்ட்டூன் படம் 'மினியன்ஸ்' 2015இல் 7 கோடி டொலர் சொச்சத்தில் முடிந்தது. பிக்ஸார் பெரிய படமொன்றுக்கு 20 கோடி வரை செலவழித்த காலம் அது. 'மினியன்ஸ்' வசூல் 110 கோடிக்கு மேல். வார்னர் 2021இல் தன் படங்களையெல்லாம் அமெரிக்காவில் தியேட்டரிலும் தன் ஓடிடியான எச்பிஓ மக்ஸிலும் ஒரே நாளில் விட்டது. அதில் கோபப்பட்ட இயக்குநர் கிறிஸ்தோபர் நோலன் அடுத்த படத்தை யூனிவர்சலுக்குக் கொண்டுபோனார். அது 'ஒப்பன்ஹைமர்', 90 கோடி டொலருக்கு மேல் வசூல்! சோனியோ எல்லோரும் ஓடிடி தொடங்கியபோது நெட்பிளிக்ஸோடு போட்டிக்குப் போகாமல் அதற்கே படத்தை விற்கிறது.

சரி, தமிழுக்கு வருவோம். சன் பிக்சர்ஸுக்குப் பின்னால் சன் டிவி இருக்கிறது. விளம்பரமும் வீட்டுக்குள், ஒளிபரப்பு உரிமையும் வீட்டுக்குள். எங்கள் வீட்டில் அம்மா விடாமல் பார்த்த நாடகங்கள் பலவற்றில் சன் டிவியின் கணக்கு இன்னும் தந்திரமாக இருந்தது: தயாரிப்பாளர் ஒளிபரப்பு நேரத்தைக் காசு கொடுத்து எடுத்து, விளம்பரத்தைத் தானே விற்க வேண்டியிருந்தது. நாடகம் விழுந்தால் முதல் அடி அவருக்குத்தான் விழுந்தது.

முல்லைத்தீவில் பிறந்த அல்லிராஜா சுபாஸ்கரனின் லைக்காவுக்குப் பின்னால் இருந்தது தொலைபேசிக் காசு. தமிழ்நாட்டில் சன் மாதிரிச் சொந்தச் சானல் இல்லாததால் ஒவ்வொரு படத்தின் உரிமையையும் வெளியாளிடம் பேசி விற்க வேண்டும். அதனால் பெரிய நடிகர், பெரிய இயக்குநர், பெரிய செலவு. 'பொன்னியின் செல்வன்' இரண்டு பாகத்தையும் மணிரத்னத்தின் மெட்ராஸ் டாக்கீஸோடு சேர்ந்து ஒன்றாகவே எடுத்து 2022இலும் 2023இலும் விட்டார்கள். செட்டும் கோல்ஷீட்டும் மிச்சம், முதல் பாகம் ஓடியதால் இரண்டாவதற்கும் சனம் வந்தது. 'இந்தியன்' படத்தின் இரண்டாம், மூன்றாம் பாகங்களையும் அப்படித்தான் சேர்த்து எடுத்தார்கள். 2024இல் இரண்டாவது படுத்தது, மூன்றாவதன் வெளியீடு இழுபட்டுப் போனது.