அண்ணாச்சி, சேட்டா, அப்புறம் அஞ்சே முக்கால்

"கடைக்குப் போன இடத்தில், 'நாம் எந்த ஊர்க்காரன்?' என்று உங்களுக்கே சந்தேகம் வந்ததுண்டா?" என்று கேட்டிருக்கிறீர்கள். எனக்கு வாரம் ஒருமுறையாவது வரும்.

வீடு களியக்காவிளைப் பக்கம். இஞ்சிவிளையைத் தாண்டினால் கேரளம். பாறசாலையில் மீன் வாங்கப் போவேன். எவ்வளவு சுத்தமாக மலையாளம் பேசினாலும், "அண்ணாச்சிக்கு எந்து வேணம்?" என்றுதான் கேட்பார்கள். எங்கள் ஊரில் அண்ணாச்சி என்றால் மரியாதை. அங்கே அதற்கு 'தமிழ்நாட்டுப் பாண்டிக்காரன் வந்துட்டான்' என்று பொருள்.

சரி, இந்தப் பக்கமாவது நிம்மதி உண்டா? மதுரையில் ஒரு துணிக்கடையில், "இதிலே வேற நிறம் உண்டா?" என்று கேட்டேன். அந்த 'உண்டா' காட்டிக்கொடுத்துவிட்டது. "சேட்டாவுக்கு வேட்டி எடுத்துப் போடு!" என்று பையன் உள்ளே குரல் கொடுக்க, நான் கேட்ட சட்டையை விட்டுவிட்டுக் கசவு வேட்டியாக விரித்தார்கள். "ஓணத்துக்கா?" என்று வேறு கேட்டார்கள். அப்போது ஐப்பசி மாதம், வெளியே பட்டாசு வெடித்துக்கொண்டிருந்தது.

என் பாட்டியைக் கேட்டால் சிரிப்பாள். திருவிதாங்கூரில் பிறந்தவள். 1956 நவம்பர் 1 அன்று எங்கள் விளவங்கோடு தாலுகா சென்னை மாநிலத்தோடு சேர்ந்தபோது, திண்ணையில் உட்கார்ந்து வெற்றிலை இடித்தபடியே மாநிலம் மாறினாள். இடிகல்கூட நகரவில்லை.

என்னை எந்தக் கணக்கிலும் சேர்க்காமல் பார்த்தவர் ஒரே ஒரு கடைக்காரர்தான். போன மாதம் ஐந்நூறு ரூபாய்க்குச் சில்லறை தேடி மூன்று கடை ஏறி இறங்கினேன். நாலாவது, சவப்பெட்டிக் கடை. (எங்கள் பக்கம் அது செல்போன் கடைக்கும் பேக்கரிக்கும் நடுவிலேயே இருக்கும்.) நுழைந்ததும் எழுந்து நாற்காலியைத் தூசி தட்டிப் போட்டார். தமிழா மலையாளமா என்று என் வாயைப் பார்க்கவில்லை. உச்சந்தலையிலிருந்து பாதம் வரை நிதானமாகப் பார்த்தார். "அஞ்சே முக்கால்," என்று முணுமுணுத்தார். அப்புறம் குரலைத் தாழ்த்தி, "ஆருக்கு?" என்றார். எல்லைக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஒன்றுபோலச் செல்லுபடியாகும் கேள்வி.

"சில்லறை..." என்றேன்.

முகம் வாடிவிட்டது. ஆனாலும் கல்லாவைத் திறந்து ஐந்து நூறு ரூபாய்த் தாள்களை எண்ணிக் கொடுத்தார். பழக்கதோஷம், வாசலில் நின்று, "போயிட்டு வாறேன்" என்று சொல்லித் தொலைத்துவிட்டேன்.

"அவசரமில்ல, மெதுவா வாங்க," என்றார்.