வட துருவக் கடல்களில் வாழும் திமிங்கலங்களான நார்வாலும் பெலுகாவும் ஒரே குடும்பத்தைச் சேர்ந்தவை என்றால், ஒன்றுக்கு மட்டும் ஏன் அவ்வளவு நீண்ட தந்தம் இருக்கிறது?

இரண்டும் ஒரே குடும்பம் என்பதில் ஐயமில்லை. மோனோடோன்டிடே எனப்படும் அந்தக் குடும்பத்தில் இன்று உயிரோடு இருப்பவை இந்த இரண்டு இனங்கள் மட்டுமே. ஏறத்தாழ 50 லட்சம் ஆண்டுகளுக்கு முன் இவை தனித்தனியே பிரிந்தன என்று மரபணு ஆய்வுகள் கணிக்கின்றன. ஆயினும் தந்தத்தை மட்டும் பார்ப்பவருக்கு இந்த உறவு புலப்படாது என்பதால், உடலின் மற்றப் பகுதிகளிலிருந்து தொடங்குகிறேன்.

இரண்டுக்குமே முதுகுத் துடுப்பு கிடையாது. அது இருக்க வேண்டிய இடத்தில் தாழ்வான ஒரு மேடு மட்டும் முதுகு நெடுக ஓடுகிறது. தலைக்கு மேல் பனிக்கட்டி மூடியிருக்கும் கடலில், அதன் அடிப்பரப்பை ஒட்டி நீந்தி, மூச்சு விடுவதற்கு ஒரு பிளவைத் தேடும் விலங்குக்கு முதுகுத் துடுப்பு இடையூறாகவே இருக்கும். உடல் வெப்பம் வெளியேறுவதற்கும் அது ஒரு வழியாகிவிடும். பல திமிங்கலங்களில் ஒன்றோடொன்று இணைந்துபோன கழுத்து முள்ளெலும்புகள் இவ்விரண்டிலும் பெரும்பாலும் தனித்தனியாகவே இருக்கின்றன. அதனால்தான் பெலுகா தலையைத் திருப்பிப் பார்க்க முடிகிறது. பெண் விலங்குகள் ஈனும் பருவம் முடிந்த பின்பும் நீண்ட காலம் வாழ்வது, பாலூட்டிகளில் மிக அரிதான இயல்பு. அது நார்வாலிலும் பெலுகாவிலும் காணப்படுகிறது என்று 2018இல் வெளியான ஓர் ஆய்வு காட்டியது. என் பார்வையில், தந்தத்தைவிட ஆழ்ந்து சிந்திக்க வேண்டிய செய்தி இது.

இனி தந்தத்துக்கு வருவோம். அது மேல்தாடையின் இடப்புறக் கோரைப்பல். ஆண் நார்வாலில் அந்தப் பல் மேலுதட்டைத் துளைத்துக்கொண்டு நேராக முன்னோக்கி வளர்ந்து, இடஞ்சுழியாக முறுக்கேறி, 2.5 மீட்டரைத் தாண்டியும் நீளும். வலப்புறக் கோரைப்பல் பெரும்பாலும் மண்டையோட்டுக்குள்ளேயே புதைந்து கிடக்கும். மிகச் சில ஆண்களில் அதுவும் வளர்ந்து இரட்டைத் தந்தமாவதுண்டு. இந்த இரண்டையும் தவிர நார்வாலின் வாயில் பயன்படும் பல் எதுவும் இல்லை. இரையை உறிஞ்சி அப்படியே விழுங்கிவிடுகிறது. குளிர்காலத்தில் கனடாவுக்கும் கிரீன்லாந்துக்கும் இடையிலுள்ள பாஃபின் விரிகுடாவில் 1,500 மீட்டருக்கும் கீழே இறங்கி அது பிடிக்கும் கிரீன்லாந்து ஹாலிபட் மீன்கூட இப்படித்தான் உள்ளே போகிறது.

இவ்வளவு பெரிய பல் எதற்கு என்பதில் ஆய்வாளர்களிடையே இன்னும் விவாதம் இருக்கிறது. தந்தத்தின் மேற்பரப்பிலிருந்து நுண்குழல்கள் உள்ளிருக்கும் நரம்புத் திசு வரை செல்கின்றன. தந்தத்தின் மீது படும் நீரின் உப்புச் செறிவை மாற்றியபோது விலங்கின் இதயத் துடிப்பும் மாறியது என்று 2014இல் ஆய்வாளர் மார்ட்டின் நுவியாவின் குழு வெளியிட்டது. கனடாவின் நுனாவுட்டில் எடுக்கப்பட்டு 2017இல் வெளியான டிரோன் காட்சிகளில், நார்வால்கள் தந்தத்தால் மீனைத் தட்டி நிலைகுலையச் செய்து, பிறகு விழுங்குவது பதிவாகியிருந்தது. இரண்டும் மதிப்புள்ள கண்டறிதல்களே. ஆனால் பெண் நார்வால்களில் பெரும்பாலானவற்றுக்குத் தந்தமே இல்லை. அவை அதே கடலில், அதே மீன்களைத் தின்று, கன்றுகளையும் வளர்த்து நன்றாகவே வாழ்கின்றன. ஆகவே ஆண்கள் தங்களுக்குள் வலிமையை அளந்துகொள்வதற்கும் பெண்களைக் கவர்வதற்கும் வளர்ந்த உறுப்பு இது, மயிலின் தோகையைப் போல, என்ற விளக்கமே எனக்கு வலுவானதாகப் படுகிறது. உணர்வதும் மீனைத் தட்டுவதும் கூடவே கிடைத்த பயன்களாக இருக்கலாம்.

பெலுகாவின் வாழ்க்கை வேறு விதமானது. இரு தாடைகளிலும் சேர்த்து 40 பற்கள் வரை உள்ள அது, ஆழமற்ற நீரிலும் பலவகை மீன்களையும் கடலடி உயிர்களையும் தின்கிறது. கோடையில் ஆற்று முகத்துவாரங்களுக்கு வந்து, கூழாங்கற்களில் உடலைத் தேய்த்துப் பழைய தோலை உரிக்கிறது. பிறக்கும்போது சாம்பல் நிறத்தில் இருக்கும் கன்று, வெண்மை அடையப் பல ஆண்டுகள் ஆகின்றன.

இவ்விரண்டும் கலந்தால் பற்கள் என்னவாகும் என்பதற்கு ஒரே ஒரு மண்டையோடு சான்றாக இருக்கிறது. கிரீன்லாந்தின் டிஸ்கோ விரிகுடாப் பகுதியில் ஒரு வேட்டைக்காரர் 1980களில் விந்தையான மூன்று திமிங்கலங்களைப் பிடித்தார். உடல் முழுவதும் ஒரே சாம்பல் நிறம், முன்துடுப்பு பெலுகாவைப் போலவும் வால் நார்வாலைப் போலவும் இருந்ததாக அவர் சொன்னார். அவற்றுள் ஒன்றின் மண்டையோட்டைத் தம் கொட்டகைக் கூரையில் வைத்திருந்தார். 1990இல் அதைக் கண்ட ஆய்வாளர் மாட்ஸ் பீட்டர் ஹைடே-யோர்கென்சன் கோபன்ஹேகனில் உள்ள அருங்காட்சியகத்துக்குக் கிடைக்கச் செய்தார். 2019இல் வெளியான மரபணு ஆய்வு, அது நார்வால் தாய்க்கும் பெலுகா தந்தைக்கும் பிறந்த முதல் தலைமுறை ஆண் என்று உறுதிசெய்தது. அதற்குத் தந்தம் இல்லை. மொத்தம் 18 பற்கள். அவற்றில் சில வெளிநோக்கிச் சாய்ந்து, நார்வால் தந்தத்தைப் போலவே முறுக்கேறி இருந்தன. எலும்பிலிருந்த கார்பன் ஐசோடோப்புகளை, அதாவது எடையில் வேறுபடும் கார்பன் அணு வகைகளை, அளந்தபோது, அது தாய் இனமும் தந்தை இனமும் உண்ணும் முறையில் உண்ணாமல், பெரும்பாலும் கடலின் அடித்தரையிலேயே இரை தேடியிருக்க வேண்டும் என்று தெரியவந்தது.