ஜன்னல் வெளிச்சம்

கேள்வி: பாலுமகேந்திரா பாணியில், லைட் வைக்காமல் ஓட்டு வீட்டில் குறும்படம் எடுத்தோம். ஜன்னலோரம் பாட்டியின் முகம் கறுத்துவிட்டது. ஏன்?
– வாசகர், உசிலம்பட்டி

பதில்: பாட்டிக்குப் பின்னால் ஜன்னல் இருந்திருக்கும். கேமரா வெளிவெயிலைப் பார்த்து எக்ஸ்போஷர் (உள்ளே விடும் ஒளியின் அளவு) வைத்தால் முகம் இருளத்தான் செய்யும். அவரை ஜன்னலுக்குப் பக்கவாட்டில் உட்கார வைத்து, முகத்துக்கு எக்ஸ்போஷர் வைத்து, மாறாதபடி லாக் செய்யுங்கள். இருண்ட கன்னத்துப் பக்கம் மூன்றடி தள்ளி, ஒளியைத் திருப்பி விட வெள்ளைத் தெர்மாகோல் பிடித்தால் போதும். நெருக்கிப் பிடித்தால் சுருக்கங்களின் அழகே போய்விடும். உச்சிவெயில் நேரடியாக விழுந்தால் ஜன்னலில் வெள்ளை வேட்டி கட்டுங்கள். டியூப்லைட்டை அணையுங்கள், தோல் பச்சையடிக்கும். எரிந்தே ஆகவேண்டுமா? ஷட்டர் வேகம் 1/50 நொடி. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். இதோடு பொருந்தாத வேகம் வைத்தால் படம் மினுக்கக்கூடும். பாலுமகேந்திரா புனேயில் ஒளிப்பதிவு படித்தவர், ஒளிப்பதிவுக்கென்றே 1977, 1982 படங்களுக்காகத் தேசிய விருதும் வாங்கியவர். லைட் வைக்காததை மட்டும் பாணி என்று எடுத்துக்கொள்ளாதீர்கள்.