மதுரையை எரித்தவள் மதுரைக்காரியா?

கேள்வி: என் அம்மா சொல்லும் கதையில் கண்ணகி, பாண்டியன் பெற்ற பெண். பதினோராம் வகுப்பு படிக்கும் என் மகளோ, "பாட்டி தப்புத் தப்பா சொல்றாங்க, புத்தகத்துல அப்படி இல்லை" என்கிறாள். வீட்டில் தினமும் சண்டை. தீர்ப்பு சொல்லுங்கள்.
– ஒரு வாசகி, விருத்தாசலம்

பதில்: இந்த வழக்கில் நான் அடிபட்ட கட்சிக்காரன். ஒன்பதாம் வகுப்புக் காலாண்டுத் தேர்வில் கண்ணகியின் பிறப்பு வளர்ப்பு பற்றிக் கேட்டிருந்தார்கள். எங்கள் பாட்டி சொன்னதை அப்படியே ஒன்றரைப் பக்கம் எழுதினேன். பாண்டியனுக்கு ஒரு பெண் பிறக்கிறது. இவளால் மதுரை அழியும் என்று சோதிடர் சொல்ல, குழந்தையைப் பெட்டியில் வைத்துத் தண்ணீரில் விட்டுவிடுகிறார்கள். பெட்டி காவிரிப்பூம்பட்டினத்து வணிகர் கையில் சிக்குகிறது. தமிழ் ஐயா சிவப்பு மையில் ஒரு பெரிய சுழி போட்டு, பக்கத்தில் "எந்த சினிமா?" என்று எழுதியிருந்தார்.

பாட்டி சினிமாவே பார்த்ததில்லை. அவளிடம் இருந்தது 'பெரிய எழுத்து' கோவலன் கதை. புகழேந்திப் புலவர் பெயரில் மலிவு விலைக்கு அச்சாகித் திருவிழாக் கடைகளில் விற்ற புத்தகம். அட்டை போய், ஓரமெல்லாம் மஞ்சளேறி, டிரங்குப் பெட்டியில் கூறைப்புடவைக்கு அடியில் கிடக்கும். விளக்கு வைத்த பிறகு எடுத்து ராகம் போட்டுப் படிப்பாள். எழுத்துக் கூட்டித்தான் படிப்பாள். ஆனால் பெட்டி மிதக்கிற இடம் வந்துவிட்டால் புத்தகத்தைப் பார்க்கவே மாட்டாள். கண்ணை மூடிக்கொண்டு பாட்டு தானாக வரும்.

சரி, தீர்ப்பு. சிலப்பதிகாரத்தைப் பொறுத்தவரை உங்கள் மகள் கட்சிதான். அங்கே கண்ணகி புகார் நகரத்து மாநாய்கன் மகள். ஆனால் 'பாட்டி சொல்வது தப்பு' என்றாளே, அங்கே மார்க்கைக் குறைப்பேன். இளங்கோவடிகளும் கேட்டுத்தானே எழுதினார்? வேங்கை மரத்தடியில் ஒரு முலை இழந்த பெண்ணைக் கண்டோம் என்று மலைக்குறவர்கள் வந்து சொல்கிறார்கள். மதுரையில் நடந்ததைப் புலவர் சாத்தனார் சொல்கிறார். சிலம்பின் முன்னுரையான பதிகத்திலேயே இது இருக்கிறது. நற்றிணை 216ஆம் பாட்டைப் புரட்டச் சொல்லுங்கள். அங்கேயும் ஒரு வேங்கை மரம், அங்கேயும் 'ஒருமுலை அறுத்த' ஒரு பெண். பெயர் மட்டும் திருமாவுண்ணி! சிலம்பும் இல்லை, மதுரையும் இல்லை. அவள்தான் கண்ணகியா என்று அறிஞர்கள் இன்னும் மல்லுக்கட்டுகிறார்கள்.

ஊரில் நடமாடிக்கொண்டிருந்த கதையை இளங்கோ வீட்டுக்குக் கூப்பிட்டுத் திண்ணையில் உட்கார வைத்தார் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. இவர் எழுதி முடித்ததும் அது எழுந்து மறுபடி நடையைக் கட்டிவிட்டது. உ.வே.சாமிநாதையர் சிலப்பதிகாரத்தைப் பதிப்பித்தது 1892இல். ஏட்டைத் தொடாத, எழுத்தே தெரியாத ஜனங்களுக்கு அதற்கு முன்பும் கண்ணகி உண்டு. அவளுக்கு இளங்கோ யாரென்றே தெரியாது.

பெட்டி எதற்கு என்று கேட்பீர்கள். என் யூகம் இது: யாரோ ஒரு வெளியூர்ப் பெண் வந்து ஊரையே எரித்தாள் என்பது கேட்டவர்களுக்கு ஆறவில்லை. பெற்ற மகளையே ஆற்றோடு விட்டவன் என்றால் கணக்கு நேராகிவிடுகிறது பாருங்கள். பாட்டியும் அந்த இடத்தில்தான் "வேணும் அவனுக்கு" என்பாள்.

கேள்வி: திருவனந்தபுரத்தில் கண்ணகியாகக் கும்பிடும் ஆற்றுகால் பகவதியின் பொங்கலுக்குப் போயிருந்தேன். பாண்டியனைத் தேவி கொன்றதாகப் பாடினார்கள். சிலம்பில் அவன் தானாகத்தானே சாகிறான்?
– ஒரு வாசகர், நாகர்கோவில்

பதில்: ஆமாம். 'யானோ அரசன் யானே கள்வன், கெடுக என் ஆயுள்' என்று சொல்லிவிட்டு இளங்கோவின் பாண்டியன் மயங்கி விழுகிறான். கௌரவமான சாவு. ஆற்றுகாலில் தேவியின் கதையைப் பாடும் தோற்றம்பாட்டில் அவனுக்கு அந்தச் சலுகை கிடையாது. வதம்தான். அந்தப் பகுதியைப் பாடி முடித்த பிறகுதான் கோவிலின் முதல் அடுப்பான பண்டார அடுப்பில் தீ வைப்பார்கள். அதிலிருந்து அடுத்த அடுப்பு, அதற்கடுத்தது என்று தெருத் தெருவாகத் தீ போகும். நீங்கள் எத்தனையாவது தெருவில் கல் கூட்டியிருந்தீர்களோ!

கடல் தாண்டினால் இன்னும் மாறுகிறாள். இலங்கைச் சிங்களவர்களுக்கு அவள் பத்தினி தெய்யோ. அவர்கள் கதையில் பாண்டியனுக்கு நெற்றியில் மூன்றாவது கண். அவன் தோட்டத்து மாங்கனியிலிருந்து அவள் பிறக்கிறாள். இங்கேயும் பெட்டி, இங்கேயும் தண்ணீர். கோவலன் அங்கே பாலங்க. வெட்டுப்பட்ட அவனை அவள் உயிரோடு எழுப்பிவிடுகிறாள். அதைச் சடங்காக நடித்தும் காட்டுவார்கள். கண்டியில் நடக்கும் பெரஹரா ஊர்வலம் பார்த்திருக்கிறீர்களா? அதில் ஊர்வலம் வரும் நான்கு தெய்வக் கோவில்களில் ஒன்று அவளுடையது. மட்டக்களப்புத் தமிழர்களோ வைகாசியில் கண்ணகை அம்மன் கோவிலில் அவள் கதையைச் சொல்லும் வழக்குரை ஏட்டைப் பாடி, கடைசியில் 'குளிர்த்தி' செய்வார்கள். மதுரையில் மூண்ட கோபத்தைத் தணிக்க ஒவ்வொரு வருஷமும் அங்கே தண்ணீர் தெளிக்கிறார்கள்.

கேள்வி: மெரினா கண்ணகி கையில் இருப்பது எந்தக் கால் சிலம்பு?
– ஒரு வாசகர், சென்னை

பதில்: எந்தக் காலோ, விற்காமல் மிஞ்சிய ஒற்றை. உள்ளே மாணிக்கப் பரல். அரசி சிலம்பில் முத்து. 1968இல் வைத்தார்கள், 2001இல் எடுத்தார்கள், 2006இல் திரும்ப வைத்தார்கள். நிம்மதியாக நிற்கக்கூட விடவில்லை.

கேள்வி: தன் கதையை ஆளுக்கொரு விதமாக மாற்றியதைப் பார்த்தால் இளங்கோவடிகள் என்ன சொல்வார்?
– ஒரு வாசகி, கரூர்

பதில்: அவருக்கு இது புதிதாக இருக்காது அம்மா. கடைசிக் காதையான வரந்தரு காதையைப் படித்துப் பாருங்கள். கண்ணகிக்கு எழுப்பிய கோவிலான கோட்டத்துக்கு 'யானும் சென்றேன்' என்கிறார் இளங்கோ. போன இடத்தில் அவள் தோழி தேவந்திகை மேல் கண்ணகி வந்து இறங்குகிறாள். இறங்கியவள் தன் கதையையா சொல்கிறாள்? இவர் கதையைச் சொல்கிறாள். வஞ்சி மண்டபத்தில் நீ உன் அப்பாவின் பக்கத்தில் இருந்தாய். அரசாளும் குறி உனக்குத்தான் இருக்கிறது என்றான் ஒருவன். அண்ணன் செங்குட்டுவன் மனம் நோகக் கூடாதென்று அவனை முறைத்துப் பார்த்தாய். துறவு பூண்டாய் என்று ஒன்றுவிடாமல் சொல்கிறாள்.

இந்தக் காதை வரும் கடைசிப் பகுதியான வஞ்சிக் காண்டமே பின்னால் சேர்த்தது என்பாரும் உண்டு. சேர்த்தவர் யாரானாலும் பலே ஆள். எழுதியவர் கைகட்டி நிற்க, அவர் எழுதிய பெண் அவர் கதையைச் சொல்கிறாள். அவரும் மறுத்து ஒரு வார்த்தை பேசவில்லை. அடுத்த வரியிலேயே அவளை 'என் திறம் உரைத்த இமையோர் இளங்கொடி' என்று எழுதிவிட்டு மேலே போகிறார்.