பிரேயஸில் என்ன இருக்கிறது? – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

சென்ற மாதம் குடும்பத்தோடு கிரீஸ் போய்வந்தோம். சான்டோரினி தீவுக்குக் கப்பல் ஏற, ஏதென்ஸின் துறைமுகமான பிரேயஸ் போனோம். பழங்கால ஏதென்ஸின் தலைவர் தெமிஸ்டோகிளிஸ் உருவாக்கிய துறைமுகம் என்று படித்துவிட்டுப் போனவனுக்கு டீசல் புகையும் லாரி வரிசையும்தான் கிடைத்தன. போதாததற்கு அதைச் சீனாக்காரர்கள் வாங்கிவிட்டார்களாம். பழைய பிரேயஸில் எதுவுமே மிச்சமில்லையா?

ஆர்., கோவை

அன்புள்ள ஆர்.,

நீங்கள் நின்றது பெரிய துறையில். பழைய பெயர் கந்தரோஸ். அன்றைக்கும் அது சரக்குத் துறைதான். ஏதென்ஸ் தன் வயலை மட்டும் நம்பிச் சாப்பிட்ட ஊரில்லை, கருங்கடல் பக்கமிருந்து தானியம் வந்தாக வேண்டும். டீசல்தான் புதிது, கூட்டமும் கூச்சலும் பழசு.

நீங்கள் தேடியது பிரேயஸ் தீபகற்பத்தின் மறுபக்கம் இருந்தது, நடந்தே போகலாம். ஸியா என்ற வட்டமான சின்னக் குடா. ஊர்க்காரர்களுக்கு அது பாசாலிமானி. இன்று பணக்காரர்களின் பாய்மரப் படகுகள் நிற்கும் கரையைச் சுற்றி, கி.மு. 4ஆம் நூற்றாண்டில் போர்க்கப்பல் கொட்டகைகள் 196 இருந்தன. எண்ணிக்கை கல்வெட்டிலேயே இருக்கிறது. கப்பலுக்கு எதற்குக் கொட்டகை? 170 பேர் துடுப்பு வலிக்கும் கப்பல் அது. தண்ணீரிலேயே கிடந்தால் மரம் நீர் குடித்துக் கனத்துவிடும், கடல்புழு வேறு துளைக்கும். அதனால் வேலையில்லாத நாட்களில் சரிவான தளத்தில் இழுத்து ஏற்றி, கூரைக்கடியில் காயவைத்தார்கள். அந்தத் தளங்களில் சில, கடற்கரைச் சாலையில் ஒரு அடுக்குமாடிக் குடியிருப்பின் அடித்தளத்தில் இன்னும் இருக்கின்றன. மேலே குடித்தனம், கீழே ஏதென்ஸின் கடற்படை!

மற்றபடி, அழிவுக்குக் குறைவில்லை. கி.மு. 404இல் ஏதென்ஸைப் போரில் வென்ற ஸ்பார்ட்டாக்காரர்கள் குழலிசையோடு மதிலை இடித்தார்கள். கி.மு. 86இல் ரோமானியத் தளபதி சுல்லா ஊரையே கொளுத்தினார். பெரிய துறையில் ஒரு பளிங்குச் சிங்கம் இருந்தது, அதை வைத்தே இத்தாலிய மாலுமிகள் இந்த இடத்துக்குப் போர்ட்டோ லியோனே என்று பெயர் வைத்திருந்தார்கள். 1687இல் ஏதென்ஸின் பழங்கோயிலான பார்த்தினானைப் பீரங்கியால் உடைத்த வெனிஸ் தளபதி மொரோசினிதான் அந்தச் சிங்கத்தையும் தூக்கிப்போனார். இப்போது அது வெனிஸ் கப்பல்கட்டுத் தளத்தின் வாசலில் உட்கார்ந்திருக்கிறது. அதன் தோளில் வட ஐரோப்பாவின் வைக்கிங் வீரர்கள் தங்கள் எழுத்தில் கிறுக்கியது இன்னும் தெரியும். சுற்றுலாத்தலச் சுவரில் பெயர் செதுக்கும் வழக்கம் நம் கண்டுபிடிப்பில்லை.

1834இல் ஏதென்ஸ் தலைநகரான பிறகுதான் பிரேயஸ் மறுபடி ஊரானது. 1922இல் ஆசியா மைனரிலிருந்து (இன்றைய துருக்கி) கிரேக்க அகதிகள் வந்து குவிந்தார்கள். 1941 ஏப்ரலில் ஜெர்மன் விமானங்கள் குண்டு போட, வெடிமருந்து ஏற்றி நின்ற ஒரு பிரிட்டிஷ் கப்பல் வெடித்துத் துறைமுகமே சிதைந்தது.

சரி, சீனா விஷயம். வாங்கிவிட்டார்கள் என்பது பாதி உண்மை. 2016இல் சீன அரசின் காஸ்கோ நிறுவனம் 28.05 கோடி யூரோ கொடுத்து வாங்கியது, துறைமுகத்தை நடத்தும் கம்பெனியின் 51 சதவீதப் பங்கை. 2021இல் அது 67 சதவீதமானது. இடம் கிரேக்க அரசுடையது, நடத்தும் உரிமை மட்டும் கம்பெனிக்கு. கன்டெய்னர் கிரேன்கள் எல்லாம் மேற்கே பெராமா பக்கம் நிற்கின்றன. உங்கள் கப்பல் நின்ற இடத்தில் அவற்றைப் பார்த்திருக்க மாட்டீர்கள்.

அடுத்த முறை மூன்று மணி நேரம் முன்னாடியே போங்கள். ஸியாவுக்குப் பக்கத்தில் ஒரு அருங்காட்சியகம் இருக்கிறது. 1959இல் கழிவுநீர்க் குழாய் பதிக்கத் தோண்டியபோது கிடைத்த வெண்கலச் சிலை, கிரேக்கக் கடவுள் அப்பல்லோ, அங்கே நிற்கிறார். அவரும் கப்பலேறக் காத்திருந்தவர்தான் என்கிறார்கள். சுல்லா வைத்த தீயில் கிட்டங்கியோடு புதைந்துபோனாராம்.