கீழ்த்தளத்தில் மழைநீரும் கடைக்காரர் சொன்ன கணக்கும்

வடகிழக்குப் பருவமழை வலுத்தால் சென்னையிலிருந்து எனக்கு வரும் கடிதங்களில் பாதி, வீட்டின் கீழ்த்தளத்தில், அதாவது பேஸ்மென்டில், தேங்கிய தண்ணீரைப் பற்றியவையாகவே இருக்கும். 2015 டிசம்பரிலும் 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயலின்போதும் அப்படித்தான் வந்தன. அவற்றில் சிலவற்றைச் சுருக்கி இங்கே தருகிறேன்.

கேள்வி: மூன்றடித் தண்ணீரை இறைக்க ஜெனரேட்டர் வாங்கினோம். மழை விடாததால் அதைச் சாய்தளத்தின் உள்ளேயே, கூரைக்கு அடியில் வைத்து ஓட்டினோம். அரை மணி நேரத்தில் காவலாளி தலைவலிக்கிறது என்று உட்கார்ந்துவிட்டார். ஜெனரேட்டரில் கோளாறா? வாரண்டியில் கேட்கலாமா? (வேளச்சேரி)

பதில்: கோளாறு ஜெனரேட்டரில் இல்லை, அதை நீங்கள் வைத்த இடத்தில் இருக்கிறது. காவலாளியை மருத்துவரிடம் அழைத்துச் சென்றீர்களா என்று ஒரு வரிகூட எழுதாமல் வாரண்டியைப் பற்றிக் கேட்டிருக்கிறீர்கள். புகையில் வரும் கார்பன் மோனாக்சைடுக்கு நிறமும் இல்லை, வாசனையும் இல்லை. தலைவலி, தலைசுற்றல், குமட்டல் என்று தொடங்கி, ஆளை மயக்கத்திலேயே முடித்துவிடும். ஜெனரேட்டரோ, பெட்ரோலிலும் டீசலிலும் ஓடும் இறைவை எந்திரமோ, எதுவானாலும் திறந்த வெளியில், கதவு ஜன்னல்களிலிருந்து இருபதடியாவது தள்ளி நிற்க வேண்டும். ஷட்டரைத் திறந்து வைத்தேன் என்பது காற்றோட்டமாகாது. மழையில் எந்திரம் நனையும் என்றால் மழை விடும்வரை காத்திருங்கள்.

கேள்வி: கரண்ட் தானாகவே போய்விட்டது. இறங்கி மோட்டாரை வைக்கலாமா? (முடிச்சூர்)

பதில்: கூடாது. தானாகப் போன கரண்ட் தானாகவே வரும். மின்வாரியத்தின் மின்னகம் எண்ணான 94987 94987-இல் சொல்லி, உங்கள் கட்டடத்துக்கு வரும் இணைப்பைத் துண்டித்துவிட்டதை உறுதி செய்துகொண்டு, இன்வெர்ட்டரையும் அணைத்த பிறகே யாரும் இறங்க வேண்டும். மீட்டர் பெட்டியே கீழ்த்தளத்தில் இருந்தால் அதைத் தொட உங்களுக்கு உரிமையும் இல்லை, தேவையும் இல்லை.

கேள்வி: ஒரு குதிரைத்திறன் மோட்டார் நிமிடத்துக்கு 400 லிட்டர் இறைக்கும், நான்கு மணி நேரத்தில் கீழ்த்தளம் காய்ந்துவிடும் என்று சொல்லி விற்றார்கள். விடிய விடிய ஓடியும் முடியவில்லை. ஏமாற்றப்பட்டேனா? (மடிப்பாக்கம்)

பதில்: ஆம், அரை உண்மையைச் சொல்லி ஏமாற்றியிருக்கிறார்கள். இந்த விஷயத்தில் எனக்கு நெடுநாள் கோபம் உண்டு என்பதால் சற்று நீட்டிச் சொல்கிறேன். மோட்டார்ப் பெட்டியில் இரண்டு எண்கள் பெரிதாக அச்சாகியிருக்கும்: ஒன்று, அதிகபட்சம் எவ்வளவு உயரத்துக்கு ஏற்றும் என்பது, கடைக்காரர் மொழியில் ‘ஹெட்’, மற்றொன்று, நிமிடத்துக்கு அதிகபட்சம் எத்தனை லிட்டர் என்பது. இரண்டும் ஒரே நேரத்தில் கிடைப்பதில்லை என்பதை எந்தப் பெட்டியும் பெரிய எழுத்தில் சொல்வதில்லை. ஏற்ற வேண்டிய உயரம் கூடக் கூடத் தண்ணீரின் அளவு குறையும். அதிகபட்ச உயரத்தை எட்டும்போது குழாய் வாயில் சொட்டும் வராது. உங்கள் கீழ்த்தளம் 1,200 சதுர அடி, தண்ணீர் மூன்றடி என்று எழுதியிருக்கிறீர்கள். அது 3,600 கன அடி, ஏறத்தாழ 1,02,000 லிட்டர். நிமிடத்துக்கு 400 லிட்டர் என்றால் நான்கேகால் மணி நேரம் என்று கடைக்காரர் கணக்குப் போட்டது சரிதான். ஆனால் தெருமட்டம்வரையிலான உயரமும், நீளமான குழாயும், அது வளைந்து திரும்பும் ஒவ்வொரு மூலையும் தின்றது போக உண்மையில் 150 லிட்டர் வந்தால், அதே வேலைக்குப் பதினோரு மணி நேரத்துக்கு மேல் ஆகும். எந்த உயரத்தில் எத்தனை லிட்டர் என்று காட்டும் அட்டவணை ஒன்று தயாரிப்பாளரிடம் இருக்கும். அதைக் காட்டாத கடையில் வாங்காதீர்கள். இவ்வளவு உபதேசம் செய்யும் நானும் மலிவாகக் கிடைத்தது என்று மெல்லிய தட்டைக் குழாய் ஒன்றை வாங்கி, அது படிக்கட்டு முனையில் மடிந்துகொண்டே இருந்ததால், இரவு முழுவதும் அதைக் கையால் தாங்கிப் பிடித்துக்கொண்டு நின்றவன்தான்.

கேள்வி: வாங்கிய மோட்டார் அரை மணி நேரத்தில் சேறு அடைத்து நின்றுவிட்டது. கடைக்காரர் மாற்றித்தர மறுக்கிறார். (பள்ளிக்கரணை)

பதில்: நீங்கள் வாங்கியது கிணற்றுக்கான சப்மெர்சிபிள்; அது தெளிந்த நீருக்கானது. வெள்ள நீருக்குச் சேறும் குப்பையும் தாங்கும் கழிவுநீர் மோட்டார் வேண்டும். வெள்ள நீரை இறைக்கத்தான் என்று நீங்கள் வாய்விட்டுச் சொல்லியும் அவர் இதை எடுத்துக் கொடுத்திருந்தால் தவறு அவருடையதே. ரசீதும், அவர் அனுப்பிய வாட்ஸ்அப் செய்தியும் இருப்பதாக எழுதியிருக்கிறீர்கள், மிக நல்லது. 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் முதலில் பதிவு செய்யுங்கள். படியவில்லை என்றால் மாவட்ட நுகர்வோர் ஆணையத்துக்குப் போங்கள். பொருளின் விலை 5 லட்சம் ரூபாய்க்கு உட்பட்டிருந்தால் கட்டணம் இல்லை, வழக்கறிஞரும் கட்டாயமில்லை, 2 ஆண்டு அவகாசம் இருக்கிறது.

கேள்வி: பெரிய டீசல் எந்திரம் வைத்து இரண்டே மணி நேரத்தில் முழுவதும் எடுத்துத் தருவதாக ஒருவர் சொல்கிறார். கூலி அதிகம்தான், ஆனாலும் வேலை முடியுமே? (பெருங்குடி)

பதில்: சுவரும் சேர்ந்து முடியலாம். வெளியே மண் நீரில் ஊறிச் சுவரை உள்நோக்கித் தள்ளிக்கொண்டிருக்கிறது; உள்ளே நிற்கும் தண்ணீர்தான் அதற்கு எதிராக முட்டுக்கொடுக்கிறது. அந்த ஆதரவை ஒரேயடியாக எடுத்தால் சுவர் வெடிக்கலாம், தரை மேலே எழும்பலாம். தெருவில் தண்ணீர் வடிந்த பிறகு ஓரடி அளவு இறைத்து, சுவரில் கோடு போட்டுவிட்டு ஓர் இரவு விடுங்கள். காலையில் தண்ணீர் கோட்டைத் தாண்டி ஏறியிருந்தால் நிலத்தடி நீர் இன்னும் இறங்கவில்லை என்று பொருள், பொறுங்கள். ஏறவில்லை என்றால் நாளுக்கு இரண்டடி, மூன்றடி என்று தொடரலாம்.

கேள்வி: கீழ்த்தளத்தில் மூழ்கிய காரை, தண்ணீர் வடிந்ததும் ஸ்டார்ட் ஆகிறதா என்று பார்த்தேன். இன்ஜின் போய்விட்டது. காப்பீட்டு நிறுவனம் தர மறுக்கிறது. (அடையாறு)

பதில்: ஏன் பார்த்தீர்கள்? இன்ஜின் பாதுகாப்புக்கான கூடுதல் பாலிசி எடுத்திருந்தால் கேட்கலாம். இல்லையென்றால் மறுப்பை உடைப்பது கடினம்.

கேள்வி: ஈரத்தை உறிஞ்சும் டிஹியூமிடிஃபையர் எதை வாங்கலாம்? (வளசரவாக்கம்)

பதில்: என்னைப் போல் வாங்காதீர்கள். 2015 வெள்ளத்துக்குப் பிறகு தம்பி வீட்டுக் கீழ்த்தளத்துக்காக, பெட்டியில் ‘2 லிட்டர்’ என்று கொட்டை எழுத்தில் இருந்ததைப் பார்த்து ஒன்றை வாங்கினேன். ஒரு நாள் முழுவதும் ஓடியும் தொட்டியில் ஒரு டம்ளர் காபி அளவுக்குத்தான் தண்ணீர் இருந்தது. இரண்டு லிட்டர் என்பது தொட்டியின் கொள்ளளவாம். கம்ப்ரசர் இல்லாத அந்தச் சிறிய எந்திரங்கள் துணி அலமாரிக்கு உதவும், அறைக்கு உதவா. கம்ப்ரசர் உள்ளவற்றிலும் நாளுக்கு இத்தனை லிட்டர் என்பது பெரும்பாலும் 30 டிகிரி வெப்பத்திலும் 80 சதவீத ஈரப்பதத்திலும் அளந்த கணக்கு. காற்று உலர உலர அது குறையும். வாடகைக்குக் கிடைத்தால் ஒரு வாரத்துக்கு எடுங்கள், ஓடும்போது கதவுகளைச் சாத்தி வையுங்கள். அதற்கும் முன்னால் சேற்றை வழித்துக் கழுவி, எலக்ட்ரீஷியன் இணைப்புகளைப் பார்த்த பிறகு மின்விசிறிகளை ஓட விடுங்கள். மெத்தை, பிளைவுட் போன்றவற்றைப் படம் எடுத்துக்கொண்டு உடனே வெளியேற்றுங்கள். 24 முதல் 48 மணி நேரத்தில் பூஞ்சை தொடங்கிவிடும்.

கேள்வி: தரையைக் கழுவ பிளீச்சிங் பவுடருடன் கழிவறை ஆசிட்டையும் சேர்க்கலாமா? (கொளத்தூர்)

பதில்: கூடவே கூடாது. அதிலிருந்து குளோரின் வாயு கிளம்பும். அது காற்றைவிடக் கனமானது, கீழ்த்தளத்திலேயே தங்கும்.

கேள்வி: தண்ணீர் எடுத்து ஒரு வாரத்திலேயே நீர்த்தடுப்புப் பூச்சு அடித்து 85,000 ரூபாய் வாங்கிக்கொண்டார்கள். இப்போது சுவர் முழுவதும் கொப்பளம். ‘உங்கள் சுவர் சரியில்லை’ என்கிறார்கள். (தாம்பரம்)

பதில்: சுவர் ஈரமாக இருப்பது தெரிந்தே பூசியவர்கள் சுவரைக் குறை சொல்ல முடியாது. கொப்பளங்களைத் தேதியுடன் படம் எடுத்து, குறிப்பிட்ட நாளுக்குள் சரிசெய்யும்படி எழுத்தில் கேளுங்கள். மறுத்தால் பள்ளிக்கரணை வாசகருக்குச் சொன்ன வழிதான். சரிசெய்ய மீண்டும் யார் வந்தாலும், ஒன்றரை அடிச் சதுரப் பிளாஸ்டிக் தாள் ஒன்றைச் சுவரில் நான்கு பக்கமும் டேப் ஒட்டி ஒரு நாள் விட்டுப் பாருங்கள். தாளின் உட்புறம் வியர்த்திருந்தால், டப்பாவைத் திறக்க விடாமல் திருப்பி அனுப்புங்கள்.