பொதுத்தேர்வை நோக்கிப் போகும் பிள்ளைக்கு ஓவியமும் நாடகமும் எதற்கு?

கேள்வி: "என் மகள் சேலத்தில் எட்டாம் வகுப்பு படிக்கிறாள். ஓவியத்திலும் நாடகத்திலும் ஆர்வமாக இருக்கிறாள். இன்னும் இரண்டு ஆண்டில் பொதுத்தேர்வு வரப்போகிறது. கலைகளைக் கற்பதால் படிப்புக்கு உண்மையிலேயே நன்மை உண்டா, அல்லது நேரம்தான் வீணாகுமா?"

நன்மை உண்டு. ஆனால் அந்த நன்மையை மதிப்பெண் பட்டியலில் தேடினால் பெரும்பாலும் அகப்படாது என்பதையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஓமலூர் வட்டாரத்தில் ஓர் அரசு உயர்நிலைப் பள்ளியில் 19 ஆண்டுகளாக அறிவியல் நடத்தி வருகிறேன். முதல் ஏழெட்டு ஆண்டுகள், அரையாண்டுத் தேர்வு நெருங்கும்போதெல்லாம் ஓவியப் பாடவேளையை வாங்கிக்கொண்டு பாடத்தை முடித்தவர்களில் நானும் ஒருத்தி. ஓவிய ஆசிரியர் மறுத்துச் சொன்னதே இல்லை. நான் அறிவியல் புத்தகத்துடன் உள்ளே நுழையும்போது, எடுத்து வைத்த வண்ணப் பெட்டியைப் பிள்ளைகள் பேசாமல் பைக்குள் திருப்பி வைப்பதைப் பார்த்தும், அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளாமல் இருந்தது என் தவறு.

என் எண்ணத்தை மாற்றியது ஒரு செம்பருத்திப் பூ. பூவின் பாகங்களை நடத்தி முடித்த மறுநாள், புத்தகத்தைப் பாராமல் வரையச் சொன்னேன். ஏறக்குறைய எல்லோரும் ஐந்து இதழ்களைத் தனித்தனிக் கரண்டிகளைப் போல விரித்து வரைந்து, கோடு இழுத்துப் பெயர்களைப் பிழையில்லாமல் எழுதியிருந்தார்கள். எனக்கு அதில் முழுத் திருப்தி. அன்று வகுப்பில் இருந்த ஓவிய ஆசிரியர், பள்ளி வேலியோரம் பூத்திருந்த செம்பருத்திகளைப் பறித்து வந்து ஆளுக்கொன்றாகக் கொடுத்து, "பேரெல்லாம் எழுத வேண்டாம், கண்ணுக்குத் தெரியறதை மட்டும் வரைங்க" என்றார். பத்து நிமிடம் கழித்து ஒரு பையன் எழுந்து, "சார், ஒவ்வொரு இதழும் ஒரு பக்கம் மேலயும் இன்னொரு பக்கம் அடியிலயும் போகுதுங்க" என்றான். திருகு இதழமைவு என்று பெயர் சொல்லி மேல்நிலை வகுப்பில் மனப்பாடம் செய்ய வைக்கிற அந்தச் செய்தியை, பெயரே தெரியாமல், அழித்து அழித்து வரைந்த ஒரு பென்சிலின் வழியாக அவன் கண்டுகொண்டான். நடுவில் நீண்டிருப்பது ஒற்றைத் தண்டு இல்லை, மகரந்தத்தாள்கள் ஒன்றுசேர்ந்து குழாயாகி, அதற்குள்ளே ஓடும் சூலகத்தண்டுதான் நுனியில் ஐந்தாகப் பிரிகிறது என்பதை இன்னொரு பெண் நகத்தால் கீறிப் பார்த்துச் சொன்னாள். முந்தைய நாள் அதே பாகங்களின் பெயர்களை அவர்கள் எனக்குப் பிழையின்றி ஒப்பித்திருந்தார்கள். ஆனால் பூவைப் பார்த்திருக்கவில்லை. நானும் அவர்களைப் பார்க்க வைத்திருக்கவில்லை.

கலைக்கல்வியின் முதல் பயனாக நான் நினைப்பது இதைத்தான். வரைகிறவர் பார்த்தே ஆக வேண்டும். தெரியும் என்று நினைத்துக்கொண்டிருப்பதற்கும் கண்முன் இருப்பதற்கும் உள்ள வேறுபாடு தாளில் உடனே வெளிப்பட்டுவிடும். அது வெளிப்படும்போது திட்டுவதற்கோ சிவப்பு மையில் சுழிப்பதற்கோ யாரும் தேவைப்படுவதில்லை, பிள்ளையே ரப்பரை எடுக்கிறது. தேர்வுத் தாளில் பிழை என்றால் மதிப்பெண் போய்விடும்; ஓவியத்தில் பிழை என்றால் அடுத்த கோடு சற்றுச் சரியாக விழும். தன் வேலையைத் தானே பார்த்து, அஞ்சாமல் திருத்திக்கொள்ளும் இந்தப் பழக்கத்தை அறிவியல் வகுப்பில் கொண்டுவர நான் எவ்வளவோ முயன்றிருக்கிறேன். ஓவிய வகுப்பில் வந்த அளவுக்கு வந்ததில்லை.

இன்னொரு நாள், "உங்கள் வீட்டைச் சுற்றி இருக்கும் ஒரு செடி" என்று தலைப்புக் கொடுத்தோம். ஏற்காட்டு மலைக் கிராமம் ஒன்றிலிருந்து வந்து விடுதியில் தங்கிப் படித்த ஒரு மாணவி காப்பிச் செடியை வரைந்தாள். பக்கத்திலிருந்த பெண் அதைப் பார்த்துத் தானும் ஒரு காப்பிச் செடி வரைந்து, பழங்களைத் திராட்சைக் கொத்துப் போலத் தொங்கவிட்டிருந்தாள். மலைப் பிள்ளை என்னிடம் வந்து, "டீச்சர், காப்பிப் பழம் இப்பிடித் தொங்காதுங்க, கிளையோடவே ஒட்டிக்கிட்டு இருக்கும்" என்று சொல்லிவிட்டு, எதிரெதிராக இரண்டு இலைகள் பிரியும் கணுவில் பழங்கள் நெருக்கியடித்து உட்கார்ந்திருப்பதை வரைந்து காட்டினாள். அதே கிளையில் ஒன்றிரண்டு பழங்களை மட்டும் பச்சையாக விட்டிருந்தாள். ஏன் என்று கேட்டதற்கு, எல்லாம் ஒரே நேரத்தில் பழுக்காது, பழுத்ததைப் பார்த்துப் பார்த்துத்தான் பறிக்க வேண்டும் என்றாள். ஜூன் முதல் வகுப்பில் வாய் திறக்காமல் இருந்த பெண் அவள். அவளுக்குத் தெரிந்தவற்றைக் கேட்கும் வினா எதுவும் என் வினாத்தாளில் இருந்ததில்லை என்பது அன்றுதான் எனக்கு உறைத்தது.

இனி ஆய்வுகளைப் பற்றி. இசை கேட்டால் மூளை வளரும் என்று விளம்பரம் செய்கிறவர்களை நம்ப வேண்டாம். 1993-இல் வெளியான அந்த மூல ஆய்வு 36 கல்லூரி மாணவர்களை மோட்சார்ட்டின் இசையைப் பத்து நிமிடம் கேட்கவைத்துச் செய்தது. அவர்களிடம் தெரிந்த முன்னேற்றமும் பத்துப் பதினைந்து நிமிடங்களுக்கு மேல் நிற்கவில்லை. கேட்பது வேறு, கற்பது வேறு. கனடாவில் ஆறு வயதுக் குழந்தைகள் 144 பேரை நான்கு குழுக்களாகப் பிரித்து, இரண்டு குழுக்களுக்கு இசையும் ஒன்றுக்கு நாடகமும் ஓராண்டு கற்பித்து, ஒரு குழுவுக்கு எதுவும் கற்பிக்காமல் ஒப்பிட்டார்கள். 2004-இல் வெளியான முடிவின்படி, இசை கற்றவர்களின் நுண்ணறிவு ஈவு (ஐ.க்யூ.) மற்றவர்களைவிட ஏறத்தாழ மூன்று புள்ளி கூடுதலாக உயர்ந்தது; அது சிறிய ஏற்றம்தான். நாடகம் கற்றவர்களிடம் அந்த ஏற்றம் இல்லை, ஆனால் பிறரோடு பழகும் நடத்தை மேம்பட்டது.

எனக்கு இவற்றைவிட முக்கியமாகப் படுவது அமெரிக்காவின் ஹூஸ்டன் நகரில் நடந்த ஆய்வு. 42 பள்ளிகளில், பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட மாணவர்களிடையே, குலுக்கல் முறையில் சில பள்ளிகளுக்குக் கலைக்கல்வியைக் கூடுதலாகக் கொடுத்துப் பார்த்தார்கள். ஒழுங்கு நடவடிக்கைக்கு உள்ளான மாணவர்களின் பங்கு 3.6 விழுக்காட்டுப் புள்ளி குறைந்தது, எழுத்துத் திறன் உயர்ந்தது, பிறர் துன்பத்துக்கு இரங்கும் மனமும் கூடியது. கணித மதிப்பெண்ணில் குறிப்பிடத்தக்க மாற்றம் எதுவும் இல்லை. இந்தக் கடைசி வரியைத்தான் பெற்றோர் கவனிக்க வேண்டும்: ஏறவில்லை, ஆனால் இறங்கவும் இல்லை. கலைக்குக் கொடுத்த நேரம் கணக்கைக் கெடுத்துவிடும் என்ற அச்சத்துக்கு அங்கே ஆதாரம் கிடைக்கவில்லை.

உங்கள் மகளுக்கு நாடகத்தில் ஆர்வம் என்று எழுதியிருக்கிறீர்கள். வகுப்பறை நாடகம் மொழித்திறனை வளர்க்கிறது என்பது கலைக்கல்வி ஆய்வுகளில் உறுதியாக நிற்கும் முடிவுகளில் ஒன்று. அதைக் கண்ணால் கண்டிருக்கிறேன். விடிய விடியக் கூத்து நடக்கும் வட்டாரம் எங்களுடையது. மத்தளத்தையும் முகவீணையையும் கேட்டு வளர்ந்த பிள்ளைகளுக்கு, இத்தனை பேர் முன்னால் உரக்கப் பேசுவது புதிதில்லை. ஆனால் புத்தகத் தமிழில் எழுது என்றால் கை நின்றுவிடும். ஏரியில் மண் அள்ளுவதைப் பற்றி அவர்களே ஒரு பத்து நிமிட நாடகம் எழுதியபோது, ஊராட்சித் தலைவராக நடித்தவன் மேடையில் பேசிய தமிழும் கிழவியாக நடித்தவள் பேசிய தமிழும் வெவ்வேறாக இருக்க வேண்டும் என்று அவர்களுக்குள்ளேயே வாதம் நடந்தது. எந்தச் சொல்லை யார் எங்கே சொல்வார் என்று முக்கால் மணி நேரம் சண்டையிட்ட அந்தப் பிள்ளைகள், இலக்கண வகுப்பில் ஐந்து நிமிடம்கூட அப்படி விழிப்பாக இருந்ததில்லை என்று தமிழாசிரியையே சொன்னார்.

பிழைப்புக்கு உதவுமா என்று கேட்பவர்களுக்குச் சேலத்துக்காரர்கள் வெகுதூரம் போய் விடை தேட வேண்டியதில்லை. செவ்வாய்ப்பேட்டையில் விற்கும் வெள்ளிக் கொலுசும், இளம்பிள்ளைச் சேலையின் முந்தானையும் யாரோ ஒருவர் தாளில் போட்ட கோட்டிலிருந்து தொடங்கியவைதான்.

பள்ளிகளில் இதற்கான இடம் ஏட்டளவில் இருக்கவே செய்கிறது. பள்ளிப் பாடத்திட்டங்களுக்கு வழிகாட்டும் 2005-ஆம் ஆண்டின் தேசியக் கலைத்திட்ட வடிவமைப்பு, பத்தாம் வகுப்பு வரை கலையைக் கட்டாயப் பாடமாக்கச் சொன்னது. 2009-இன் கல்வி உரிமைச் சட்டம், ஆறு முதல் எட்டாம் வகுப்பு வரை நூறு பிள்ளைகளுக்கு மேல் படிக்கும் பள்ளிகளில் கலைக்குப் பகுதிநேரப் பயிற்றுநர் வேண்டும் என்கிறது. அதன்படி தமிழ்நாட்டில் 2012-இல் ஓவியம், உடற்கல்வி, தொழிற்கல்விக்காகப் பதினாறாயிரத்துக்கும் மேற்பட்ட பகுதிநேர ஆசிரியர்கள் மாதம் 5,000 ரூபாய் ஊதியத்தில், வாரத்துக்கு மூன்று அரைநாள் பணிக்கு அமர்த்தப்பட்டார்கள். செம்பருத்தியைப் பறித்துக் கொடுத்தவர் அப்படி வந்தவர்தான். அவ்வளவு பெரிய வேலையை அவ்வளவு சிறிய ஊதியத்தில் ஒருவரிடம் ஒப்படைத்தது எனக்கு இன்றும் வருத்தம். 2022-இல் தொடங்கிய கலைத் திருவிழா அரசுப் பள்ளிகளுக்கு வந்த நல்ல காற்று. மாவட்டம் தாண்டி மாநில மேடை வரை பிள்ளைகள் போகிறார்கள். ஆயினும் அது போட்டி. தேர்ந்தெடுக்கப்பட்ட நான்கு பேர் ஒத்திகைக்குப் போகும்போது மற்ற முப்பத்தாறு பேர் வகுப்பில் அமர்ந்திருக்கிறார்கள். நான் கேட்பது அந்த முப்பத்தாறு பேருக்கு வாரம் இரண்டு பாடவேளை, அதையும் என்னைப் போன்றவர்கள் வாங்கிக்கொள்ளாமல் இருப்பது.

நடைமுறையில் நீங்கள் செய்யக்கூடியது இது. அச்சிட்ட படத்துக்குள் வண்ணம் தீட்டும் போட்டிகளுக்கு அவளை அலைய வைக்க வேண்டாம். அவற்றில் பார்ப்பதற்கு ஒன்றுமில்லை. ஒரு எச்பி பென்சில், ஒரு 4பி பென்சில், கோடில்லாத நோட்டு போதும். வரைந்ததைக் காட்டினால் "அழகாக இருக்கிறது" என்று மட்டும் சொல்லி அனுப்பிவிடாமல், எந்த இடம் கடினமாக இருந்தது என்று கேளுங்கள். பத்தாம் வகுப்பிலும் நாளுக்கு அரைமணி நேரத்தை விட்டுவைக்க முடியும். என் மாணவர்கள் விட்டுவைத்திருக்கிறார்கள்.

விடுமுறை நாளொன்றில் அவளைத் தாரமங்கலம் கைலாசநாதர் கோயிலுக்கு அழைத்துப் போங்கள். சிங்கத்தின் வாய்க்குள் உருளும் கல் பந்தையும் கல் சங்கிலியையும் எல்லோரும் காட்டுவார்கள். நீங்கள் இராமனும் வாலியும் இருக்கும் தூண்களுக்குப் போங்கள். முதலில் இராமன் பக்கம் நின்று பார்த்தால் வாலி தெரிவான். பிறகு வாலி பக்கம் போய் நின்று இராமனைத் தேடச் சொல்லுங்கள், தெரியமாட்டான். விளக்கம் எதுவும் சொல்லாமல் நோட்டைக் கையில் கொடுத்துவிட்டு, இரண்டு இடங்களிலிருந்தும் தனக்குத் தெரிவதை அவளை வரையச் சொல்லிவிட்டுப் பக்கத்தில் அமர்ந்திருங்கள். எங்கள் பிள்ளைகளுக்கு ஒன்றரை மணி நேரம் ஆனது. மதியச் சாப்பாட்டைக் கையோடு எடுத்துப் போவது நல்லது.